கப்பித்தான் படத்துக்கு வைத்த பூ

ஒக்ரோபர் 24, வெள்ளி

காலையிலிருந்து சிரோக்கோ. ஆபிரிக்காப் பக்கமிருந்து வரும் சூட்டுக்காற்று. ஜன்னல் கண்ணாடி முழுக்க மஞ்சள் மண். நேற்றுத்தான் துடைத்தேன். யாரிடம் போய்ச் சொல்ல.

வேலை: ஜன்னல் ஆறு. சின்யோராவின் (நான் பார்த்துக்கொள்ளும் வீட்டுக்கார அம்மா, இனி சி., முழுதாக எழுதக் கை உளைகிறது) காலுக்கு மருந்து பூச. மாத்திரைப் பெட்டி நிரப்ப. கட்டில் விரிப்பு மாற்ற. சூப். லிஃப்ற் நாலாம் நாளாகப் பழுது. நாலு மாடி, மூன்று தடவை. முழங்கால் என்னை ஏசுகிறது.

வெள்ளிக்கிழமை என்பதால் பல்கனி மல்லிகையில் கொஞ்சம் கிள்ளி, நூலில் கட்டி, வரவேற்பறையில் இருக்கும் கப்பித்தான் படத்துக்குப் போட்டேன். சி.யின் பூட்டனுக்குத் தகப்பன். கப்பல் ஓட்டியவர். ஏழு வருஷத்துக்கு முன் நான் இந்த வீட்டுக்கு வேலைக்கு வந்த முதல் கிழமை, அந்தப் படத்தில் தூசு தட்டும்போது, "இவராலைதான் இந்தக் குடும்பம் சாப்பிட்டது" என்று சி. சொன்னார். செத்த பெரியவர், வீட்டுக்குச் சோறு போட்டவர், படம் மூளியாகத் தொங்குகிறதே என்று எனக்குப் பொறுக்கவில்லை. அன்று தொடங்கியது. சி.க்குப் பெரிய புளுகம், பெருமை. வருகிறவர்களுக்கெல்லாம் கூட்டிக்கொண்டு போய்க் காட்டுவார். சில வெள்ளி ஊதுபத்தியும் கொளுத்துவேன்.

இந்தக் கிழமை புது வேலை ஒன்று. சி.யின் கண் பார்வை கோடையோடு போய்விட்டது. கப்பித்தான் தன் மனைவிக்கு எழுதிய கடிதங்கள் ஒரு பெட்டி நிறைய இருக்கின்றன. சி.யின் புருஷன் உயிரோடு இருந்தபோது அவற்றைத் தட்டச்சில் அடித்து வைத்திருக்கிறார். மிலானோவில் இருக்கும் மகன் நவம்பரில் வந்து பெட்டியைக் கொண்டுபோய்ப் புத்தகமாகப் போடப்போகிறாராம். அதற்கு முன் எல்லாவற்றையும் ஒரு தரம் காதால் கேட்டுவிட வேண்டும் என்கிறார் சி. நவம்பர் இரண்டு, செத்தவர்களின் நாள். அன்று தேவாலயத்தில் கப்பித்தான் பேரில் பூசை, வருஷா வருஷம் நடப்பது. அதற்குள் வாசித்து முடிக்க வேண்டும்.

என் இத்தாலியன் சந்தைக்கும் டொக்ரருக்கும் காணும். இது பழைய இத்தாலியன், பாதி விளங்காது. எழுத்துக் கூட்டி வாசிக்கிறேன், சி. கண்ணை மூடிக் கேட்கிறார். இன்று விளங்கினது: கப்பித்தானுக்குப் பல்லுவலி. கிராம்பு வைத்தும் நிற்கவில்லை. கம்பளிக் காலுறை இரண்டு சோடி அனுப்பு கத்தரீனா. களைத்துவிட்டேன் கத்தரீனா, இதுதான் கடைசிப் பயணம். பாவம் மனுஷன்.

பஸ்ஸில் வரும்போது தவமக்காவின் போன். கந்தசஷ்டி மூன்றாம் நாள், பாலும் பழமும் மட்டும், குரல் அடைத்துக் கிடந்தது.

"ஞாயிறு ரொசாலியா அம்மாட்டை ஏறுவம். வாறியோ யோகா?"

"வாறன் அக்கா."

இந்த ஆறு நாள் விரதம் மகனுக்காக. நிரோஜன். பதினாறு வருஷத்துக்கு முன் இத்தாலிக்கென்று படகு ஏறினவன், பிறகு ஒரு செய்தியும் இல்லை. தவமக்கா அவனைத் தேடாத இடமில்லை.

இதை எங்கேயும் எழுதியதில்லை. இன்று எழுதுகிறேன், ஏன் என்று தெரியாது. அவனுக்கு என்ன நடந்தது என்று எனக்குத் தெரியும். ஒன்பது வருஷத்துக்கு முன் தவமக்கா இந்த ஊருக்கு வந்து முதல் தரம் அவன் படத்தைக் காட்டிக் கேட்டபோது, "தெரியாது அக்கா" என்றேன்.

ஒக்ரோபர் 25, சனி

காற்று நின்றுவிட்டது. மண் அப்படியே.

பல்லரோ சந்தையில் வெங்காயம், தேசிக்காய், மரக்கறி. கடையெல்லாம் சீனிப் பொம்மை, பாதாம் மாவில் செய்த பழங்கள். இந்த ஊரில் செத்தவர்கள் வருஷத்துக்கு ஒருநாள் வந்து பிள்ளைகளுக்கு இனிப்பு வைத்துவிட்டுப் போவார்களாம். ஒரு கிழவி கடைக்காரனோடு சண்டை: "போன வருசத்துப் பொம்மையை எனக்குத் தள்ளுறியோ? என்ரை செத்தவைக்கு மானமிருக்கு!" சிரித்துவிட்டேன். இந்தக் கிழமை முதல் சிரிப்பு.

சனிக்கிழமைப் பள்ளிக்கூடம் விட்டு கவினி நேரே சி. வீட்டுக்கு வந்தாள், பை தூக்க. பதினாலு வயது, இங்கே பிறந்த என் மகள். சி.க்கு அவள் குரல் பிடிக்கும், இன்றைக்கு நீ வாசி என்றார். கடகடவென்று வாசித்தாள். ஒரு பக்கம் போனதும் குரல் தணிந்தது. அடுத்த பக்கத்தில் தண்ணீர் கேட்டாள். முடித்தாள்.

படியில் இறங்கும்போது இரண்டாம் மாடியில் நின்றுவிட்டாள்.

"அம்மா, உங்களுக்கு உண்மையா விளங்கேல்லையோ?"

"என்னடி?"

"கப்பல்ல ஏத்தினது சாமான் இல்லை. ஆக்கள். ஆபிரிக்காவில பிடிச்சு பிரேசில்ல விக்க. நெக்ரியேரோ அம்மா அவர். அடிமை யாவாரி. ஸ்கூல்ல படிச்சனாங்கள்."

"மெல்லக் கதை."

"இஞ்சை ஆருக்கு அம்மா தமிழ் விளங்கும்?" பிறகு ஒரு சிரிப்பு. "ஏழு வருசமா அவருக்குப் பூ வைக்கிறீங்கள். மம்மா மியா."

என் முகத்தைப் பார்த்துச் சிரிப்பை நிறுத்தினாள். படியிலேயே இருந்து, வாசித்ததை எனக்குத் தமிழில் சொல்லச் சொன்னேன். ஆண்களைக் கீழ்த்தட்டில் சங்கிலியோடு. பெண்களும் பிள்ளைகளும் பின்பக்கம். வெயில் நேரம் மேலே கொண்டுவந்து ஆடச் சொல்வார்களாம், கைகால் பிடித்துவிடாமல் இருக்க. தட்டுக் கழுவ வினாகிரி. அவ்வளவு கழுவியும் அந்த மணம் தன் ஞாயிற்றுக்கிழமைக் கோட்டில் ஏறிவிட்டது, கத்தரீனா, பூசைக்கு எதைப் போட்டுக்கொண்டு போக என்று கேட்கிறார். இந்த யாவாரத்தைத் தடுக்கிற இங்கிலாந்துக் கப்பல் பிடித்துவிடும் என்ற பயம் ஒரு பந்தி. மிச்சமெல்லாம் பல்லுவலி.

நேற்று நான் வாசித்த கடிதத்திலும் இதெல்லாம் இருந்திருக்கும். பல்லுவலி மட்டும் எனக்கு விளங்கியிருக்கிறது.

ஒக்ரோபர் 26, ஞாயிறு

மணிக்கூட்டை ஒரு மணித்தியாலம் பின்னுக்குத் திருப்பும் நாள். மறந்துவிட்டேன். மலையடிவாரத்தில் ஒரு மணித்தியாலம் சும்மா நின்றேன்.

ரொசாலியா அம்மா இவர்களின் புனிதை. ஆனால் ஞாயிறு காலையில் மலையேறுகிறவர்களில் பாதிப் பேர் எங்கள் ஆட்கள். குகைக்குள் கோயில். தவமக்கா செருப்பில்லாமல் ஏறினார். ஐந்தாம் நாள் விரதம். நடுவில் இரண்டு இடத்தில் நின்று மூச்சு வாங்கினார். "அக்கா, செருப்பையாவது போடுங்கோ." "நான் கால் நோகத்தானே வாறன்."

மேலே புதிதாக வந்த ஒரு குடும்பம், வவுனியாவாம். தவமக்கா கைப்பைக்குள்ளிருந்து படத்தை எடுத்தார். பிளாஸ்ரிக் போட்டு ஒட்டிய படம், மூலை நாலும் வெளுத்துவிட்டது. "இந்தப் பிள்ளையை எங்கையாவது கண்டனியளோ? இப்ப முப்பத்தஞ்சு வயசு இருக்கும். தாடி வளர்த்திருப்பான்." அந்தப் பெண் படத்தை வாங்கி வடிவாகப் பார்த்தாள். அவள் பார்த்த அளவுக்குக்கூட நான் அன்று பார்க்கவில்லை. கண்டதும் திருப்பிக் கொடுத்துவிட்டேன்.

எழுதிவிடுகிறேன். துருக்கிக் கரையில் ஒலிவ் தோட்டத்துக்குள் ஒரு வீடு. எடுத்தது என் சின்னண்ணை. ஆட்களை இத்தாலிக்கு ஏற்றுகிற ஏஜென்ட். நானும் என் மனுஷனும் (செத்து ஆறு வருஷம், அவருக்கு இதில் ஒன்றும் இல்லை) எங்கள் முறைக்காக அங்கே நின்றோம். ஏஜென்டின் தங்கை என்றபடியால் எங்களுக்குச் சும்மா. அதற்குப் பதிலாக எட்டு மாதம் சமைத்தேன். வந்தவர்களின் போன், பாஸ்போர்ட் எல்லாம் வாங்கிப் பையில் கட்டி வைப்பது என் வேலை. வாசல் கதவின் திறப்பு, சாவி, என் இடுப்பில். பொலிஸ் வரும், வெளியில் தலை காட்டக்கூடாது, அதுதான் பூட்டு என்று அண்ணை சொன்னார். சரி என்றேன்.

நிரோஜன் பத்தொன்பது வயது. போர் முடிந்து அடைத்த முகாமிலிருந்து வந்தவன். வெங்காயம் உரிக்கத் தானாக வந்து இருப்பான். "இத்தாலியில இதே வேலை எடுக்கிறன் அக்கா, நீங்கள் ஒரு கடிதம் தாங்கோ" என்று பகிடி. பதினோரு நாள் அந்த வீட்டில் இருந்தான். படகு புறப்பட்டு மூன்றாம் நாள் எஞ்சின் நின்றது, அன்றிரவே கவிழ்ந்து தாண்டுபோனது. இரண்டு பேரை ஒரு சரக்குக் கப்பல் ஏற்றியது. அதில் ஒருவன் அண்ணையோடு போனில் கதைத்தபோது நான் பக்கத்தில் நின்றேன். நிரோஜன் ஒரு வெறும் எண்ணெய்க் கானைப் பிடித்துக்கொண்டு தண்ணீருக்குள் இரண்டாம் நாள் விடியும்வரை இருந்தானாம். பிறகு இல்லை.

"வாயைத் திறக்காதை" என்றார் அண்ணை. திறக்கவில்லை. முதலில் அண்ணைக்குப் பயந்து. பிறகு பெர்மெஸ்ஸோவுக்குப் பயந்து, விசாவைப் பறித்துவிடுவார்கள் என்று. இப்போது தவமக்காவின் முகத்துக்குப் பயந்து. இறங்கும்போது அவர் என் தோளைப் பிடித்துக்கொண்டுதான் இறங்கினார்.

ஒக்ரோபர் 27, திங்கள்

வெயில். விரிப்பு நாலு காயப் போட்டேன். சி.யின் நகம் வெட்டினேன். லிஃப்ற்காரன் வந்து பார்த்து, தலையைச் சொறிந்து, போய்விட்டான்.

இன்று கடிதத்தை மெல்ல, விளங்கி வாசித்தேன். தெரியாத சொல்லைக் கவினிக்கு எழுதி வைத்தேன். கப்பித்தானிடம் ஒரு நாய். ஸ்தெல்லா. நடுக்கடலில் காய்ச்சல் வந்து செத்துவிட்டது. ஒரு முழுப் பக்கம் அதற்கு. சாக்குத் துணியில் தன் கையால் தைத்தாராம், சின்னதாக ஒரு செபம் சொல்லிக் கடலில் விட்டாராம், அன்று முழுக்க ஒன்றும் இறங்கவில்லையாம். அடியில் ஒரு வரி: அதே காய்ச்சலில் கீழ்த்தட்டிலும் நிறையப் பேர், தினமும் காலையில் கடலில் போடுகிறோம், நட்டம், கத்தரீனா, கடவுள் சித்தம்.

பெட்டி முழுக்கத் தேடிப் பார்த்தேன், சி. நித்திரையான பிறகு. நாய்க்குப் பெயர், சமையல்காரனுக்குப் பெயர், பிரேசில் பஹியாவில் வாடகைக்கு இருந்த வீட்டுக்காரிக்குப் பெயர், கிளிக்குக்கூட. கீழ்த்தட்டில் ஒருவருக்கும் இல்லை.

எனக்குப் பெயர் தெரியும். கப்பித்தானுக்காவது தெரியாது என்று சொல்லலாம்.

கவினியிடம் கேட்டேன், கத்தரீனா எழுதின கடிதங்கள் எங்கே என்று. ஒன்றும் இல்லையாம், அவர் வைத்திருக்கவில்லை. அவருடைய பதிலைப் பார்த்தால் அவள் கேட்டது காலுறையின் அளவு, தேவாலயத்தில் மகள் முதல் நன்மை வாங்கச் சட்டைத் துணி, எப்போது வருவீர்கள் என்பது. வேறு ஒன்றும் கேட்டதாகத் தெரியவில்லை. கேட்காமல் இருக்க எவ்வளவு கெட்டித்தனம் வேண்டும் என்று எனக்குத் தெரியும்.

ஒக்ரோபர் 28, செவ்வாய்

தலையிடி. நேற்றுச் சூரன்போர், இன்று தவமக்கா பாறணை பண்ணி விரதம் முடித்திருப்பார். போன் எடுக்கவில்லை.

அண்ணைக்கு எடுத்தேன். அவர் இப்போது இருக்கும் கனடாவில் காலை. எழுந்து கோப்பி குடித்துக்கொண்டிருந்தார், நல்ல மனநிலை.

"வெள்ளி கோயில் அன்னதானம் எங்கடை உபயம். படம் அனுப்பினனான், பார்த்தனியோ? ஐஞ்ஞூறு பேர் சாப்பிட்டவை."

"பார்த்தன். அண்ணை, அந்தப் போட்."

"எந்தப் போட்?"

"எத்தினை போட் கடலுக்குள்ளை தாண்டது அண்ணை? அந்தப் போட்தான்."

கோப்பிக் கோப்பையை வைக்கிற சத்தம் கேட்டது.

"இப்ப என்னத்துக்கு அதைக் கிளறுறாய்? நான் ஆரையும் கட்டி இழுத்தனானோ? அவையள்தான் காலில விழாக் குறையாக் கேட்டு வந்தவை. அதுதான் கடைசி ஓட்டம் எண்டு நினைச்சன், என்ரை கெட்ட காலம்."

"அந்தப் பெடியன்ரை தாய் இஞ்சை இருக்கிறா. ஒன்பது வருசமாத் தேடுறா. சொல்லப்போறன்."

"உனக்கு விசரோ? உன்னைச் சும்மா கொண்டுவந்து விட்டதுக்கு இதோ கைம்மாறு? பிள்ளையின்ரை படிப்பை யோசி. சொல்லி என்ன, அவன் எழும்பி வரப்போறானோ?"

"இல்லை. அவ தேடாமல் இருப்பா."

வைத்துவிட்டார்.

அண்ணை சொல்வதில் ஒன்று சரி. அவர்கள் விரும்பி வந்தார்கள், அந்தக் கீழ்த்தட்டில் கிடந்தவர்கள் விரும்பி வரவில்லை. இரண்டும் ஒன்றில்லை. ஒன்று என்று யாராவது சொன்னால் நானே சண்டைக்குப் போவேன். ஆனால் பூட்டு பூட்டுத்தான், திறப்பு என் இடுப்பில்தான் இருந்தது. அதை எப்படிச் சுற்றிச் சுற்றிச் சொன்னாலும் மாறுகிறதில்லை.

இரண்டு மாத்திரை. படுக்கிறேன்.

ஒக்ரோபர் 30, வியாழன்

லிஃப்ற் ஓடுகிறது! பருப்பு முடிந்தது, வாங்க. கவினிக்குச் சப்பாத்து.

பெட்டியில் கடைசிக் கட்டு, இது தம்பிக்கு எழுதியவை. கப்பித்தான் கரை இறங்கிவிட்டார். சொந்த ஊர் ஜெனோவாப் பக்கம், ஆனால் நெஞ்சுச் சளிக்கு இந்த ஊர்க் காற்று நல்லது என்று பலேர்மோவுக்கு வந்து, தேசித் தோட்டம் வாங்கி, கல்வீடு கட்டி, தேவாலயத்துக்கு ஒரு மணி செய்து கொடுத்திருக்கிறார். மகள் கலியாணம். பேரப்பிள்ளைக்குத் தன் பெயர். ஒன்றில்: இரவில் நித்திரை நன்றாக வருகிறது, தோட்டத்தில் கொஞ்சம் பூச்சி, மனுஷர் நன்றி இல்லாதவர்கள். கடைசித் தாளில் சி.யின் புருஷன் அடித்து வைத்த குறிப்பு: எண்பத்திரண்டு வயதில் கட்டிலில், குருவானவர் பக்கத்தில் நிற்க, செத்தார்.

நான் எதிர்பார்த்தது என்ன? ஏதாவது ஒரு கடிதத்தில் ஒரு வரி வரும், மனுஷன் ஒருநாள் எழும்பி ஐயோ என்று தலையில் அடிப்பான் என்று. வரவில்லை. பல்லுவலி மாறிவிட்டது, பல் எல்லாம் கழன்றதால்.

சி. சூப்பை அரைவாசி வைத்துவிட்டார்.

ஒக்ரோபர் 31, வெள்ளி

மழை போலிருந்து பெய்யவில்லை.

வெள்ளி. மல்லிகை பூத்துக் கிடந்தது. கிள்ளவில்லை. கண் தெரியாத மனுஷிக்கு எப்படித் தெரியும் என்று நினைத்தேன். பத்து மணிக்குக் கேட்டார். (அவர் இத்தாலியனில் சொன்னது, என் தமிழில்.)

"மல்லிகை மணக்கேல்லை யோகா."

"வைக்கேல்லை சின்யோரா."

"கடிதத்தாலையோ?"

"ஓம்."

கோபிப்பார் என்று நினைத்தேன். கையைத் தடவி என் கையைப் பிடித்தார்.

"எனக்குப் பத்து வயசிலயே தெரியும். வீட்டில சீனி யாவாரம் எண்டுதான் சொல்லுவினம். அம்மாதான் ஒருநாள் உண்மையைச் சொன்னவ. சொல்லிப்போட்டு, சாப்பாட்டு மேசையில இதைக் கதைக்கப்படாது எண்டவ. நான் இண்டைவரைக்கும் கதைக்கேல்லை. நல்ல பிள்ளை நான்."

"அப்ப ஏன் என்னை வாசிக்கச் சொன்னீங்கள்?"

"தனியக் கேக்கப் பயம். மகன் புத்தகத்தில நாயை வைச்சுக்கொண்டு மற்றதை வெட்டிப்போடுவான். எனக்கு அவனைத் தெரியும். ஒரு ஆளாவது முழுக்கக் கேட்டிருக்கவேணும்."

ஏழு வருஷம் பூ வைக்கும்போது ஏன் தடுக்கவில்லை என்று கேட்க வாயெடுத்தேன். கேட்கவில்லை. அவருக்கு எண்பத்தெட்டு வயது, எனக்கு ஐம்பத்தி நாலு, இருவரும் களைத்துப்போய் இருந்தோம்.

பிறகு காலுக்கு மருந்து பூசும்போது, என்ன பிடித்ததோ தெரியாது, தமிழில் எல்லாவற்றையும் சொல்லத் தொடங்கினேன். துருக்கி வீடு, திறப்பு, வெங்காயம், எண்ணெய்க் கான். ஒரு சொல் அவருக்கு விளங்காது. கடிதம் கேட்பது மாதிரியே கண்ணை மூடிக் கேட்டார். முடிந்ததும் கேட்டார்: "அது ஆருக்குச் சொல்லவேண்டியது?"

"ஒரு தாய்க்கு."

"கிட்டவோ இருக்கிறா?"

"பிரான்காச்சோ. பஸ்ஸில அரை மணித்தியாலம்."

"அப்ப ஏன் என்ரை காலுக்குச் சொல்லுறாய்?"

நவம்பர் 1, சனி

விடுமுறை. கடைகள் பூட்டு. கவினி கணக்குப் பாடம் என்ற பெயரில் போன்.

அவளிடம் சொன்னேன். அவளுக்கு உரிமை இருக்கிறது, வரப்போகும் கெட்ட பெயரில் பாதி அவளுக்குத்தானே. முழுக்கக் கேட்டாள். போனைக் கவிழ்த்து வைத்தாள். அது பெரிய விஷயம்.

"பொலிசுக்குப் போவினமோ?"

"தெரியாது. போனா போகட்டும்."

"மாமாவை இனி மாமா எண்டு கூப்பிட ஏலாது எனக்கு." பிறகு, "உங்களை அம்மா எண்டு கூப்பிடுவன். பயப்பிடாதீங்கோ." அழுதுகொண்டு சொன்னாள். நானும்தான்.

என்ன சொல்ல வேண்டும் என்று பழகிப் பார்த்தேன். "அக்கா, நான் ஒரு பிழை விட்டிட்டன்." பிழையா? சட்டியைக் கருக்கினால் பிழை. "அக்கா, உங்களுக்கு ஒரு செய்தி." செய்தி என்றால் நல்ல செய்தி என்று நினைத்துவிடுவார். ஒன்பது வருஷமாக எதிர்பார்த்திருப்பவர். கடைசியில் ஒன்றும் பழகாமல் போவதென்று தீர்மானம். உடுப்புத் தோய்த்தேன், மூன்று வாளி.

நவம்பர் 2, ஞாயிறு

மழை. காலை ஒன்பதுக்குப் பூசை. சி.யைத் தள்ளுநாற்காலியில் கொண்டுபோனேன். குருவானவர் பெயர்கள் வாசித்தார், கப்பித்தான் பெயரும். சி. செபம் சொன்னார், ஆனால் அந்தப் பெயருக்குச் சிலுவை போடவில்லை. நான் பார்த்துக்கொண்டிருந்தேன். பதினொன்றுக்கு அவரின் மச்சாள் வந்து பொறுப்பெடுத்தார். புறப்பட்டேன்.

ஞாயிறு பஸ், நாற்பது நிமிஷம் காத்திருப்பு. இரண்டு தரம் திரும்பிப் போவோமா என்று யோசனை.

தவமக்கா தனிய. மகள் குடும்பம் பிறந்தநாள் வீட்டுக்குப் போய்விட்டது. குசினியில் அடுப்பு எரிந்தது.

"வா வா. என்னடியப்பா, மழைக்குள்ளை? துடை தலையை."

இருக்கவில்லை. கதிரையில் இருந்தால் சொல்லமாட்டேன். கதவடியில் நின்றபடி சொன்னேன். ஏஜென்ட் என் அண்ணை. வீடு. சமைத்தது நான். பூட்டினது நான். நிரோஜன் பதினோரு நாள் எங்களோடு. எஞ்சின். கான். இரண்டாம் நாள் விடியல். "நீங்கள் படம் காட்டினபோது எனக்குத் தெரியும் அக்கா. தெரியாது எண்டு பொய் சொன்னனான்."

அடுப்பை நிற்பாட்டினார். கதிரையில் இருந்தார். முந்தானையை முகத்தில் வைத்துக்கொண்டார். மழைச் சத்தம். மேல்மாடியில் யாரோ கதிரை இழுக்கிற சத்தம்.

"தெரியும்" என்றார்.

"என்ன தெரியும் அக்கா?"

"உன்னைத் தெரியும். அவன் அங்கையிருந்து ஒருக்கா எடுத்தவன். தோட்டக்காரன்ரை போனாம், சன்னலால வாங்கி, ஒரு நிமிசம். 'அம்மா, இஞ்சை சமைக்கிறது கிளிநொச்சி யோகாக்கா, எங்கடை ஆக்கள், பயப்பிடாதீங்கோ' எண்டவன். உன்ரை பேரும் ஊரும் கேட்ட அண்டைக்கே எனக்கு விளங்கினது."

"அப்ப ஏன் என்னைத் திரும்பக் கேக்கேல்லை?"

"கேட்டா நீ சொல்லிப்போடுவாய் எண்டுதான்."

நிலத்தில் இருந்துவிட்டேன். மன்னிப்புக் கேட்டேனா என்று இப்போது ஞாபகம் இல்லை. கேட்டிருந்தாலும் அவர் காதில் விழுந்திருக்காது. வேறெங்கேயோ பார்த்துக்கொண்டிருந்தார்.

"போட்டில ஏறின அண்டைக்கு என்ன சமைச்சனி?"

"சோறும் பருப்பும். உருளைக்கிழங்குப் பிரட்டல்."

"வடிவாச் சாப்பிட்டவனே?"

ஓம் என்று சொல்லியிருக்கலாம். வாய்வரை வந்தது. யாருக்கு நட்டம்? கப்பித்தான் என்றால் சொல்லியிருப்பார்.

"இல்லை அக்கா. போட் ஏற முன்னம் அரை வயிறுதான் குடுக்கவேணும், வயிறு நிரம்பினாக் கடலில சத்தி எடுப்பினம் எண்டு அண்ணை சொன்னவர். ஆளுக்கு ஒரு அகப்பை. எல்லாருக்கும் அப்பிடித்தான். அவன் திரும்பவும் கோப்பையை நீட்டினவன். பானையில சோறு கிடந்தது. 'அங்கை போய்ச் சாப்பிடலாம் தம்பி' எண்டு சொல்லி மூடிப்போட்டன்."

தவமக்கா எழும்பினார். போ என்று சொல்லப்போகிறார் என்று நானும் எழும்பினேன். அடுப்படிக்குப் போய்ச் சோற்றுப் பானையைத் திறந்தார். ஒரு கோப்பையில் சோறு போட்டார், பருப்பு விட்டார், மேசையில் வைத்தார்.

"இரு. சாப்பிடு."

தனக்குப் போடவில்லை. எனக்கு முன்னால் இருந்து பார்த்துக்கொண்டிருந்தார். முடிந்ததும் கேளாமல் இன்னும் போட்டார். போதும் அக்கா என்றேன். "சாப்பிடு" என்றார். மூன்றாம் தரமும் போட்டார். சாப்பிட்டேன்.